அங்க என்ன சார் இருக்கு?

மும்பையில் இருக்கிற நம்மாட்களிடம் 'போரிவலி நேஷனல் பார்க்' என்று சொல்லிப் பாருங்கள். பத்துக்கு எட்டுப் பேர் ஒரே பதிலைத்தான் சொல்வார்கள். "அங்க என்ன சார் இருக்கு?"

இதைச் சொல்கிறவர் முலுண்டிலோ தானேவிலோ இருபது வருஷமாகக் குடியிருப்பவராக இருப்பார். பால்கனிக் கதவைத் திறந்தால் எதிரே அந்த மலைதான். ஃப்ளாட் வாங்கும்போது 'ஹில் வியூ' என்று பில்டர் சதுர அடிக்குக் கூடுதலாகக் கேட்டதையும் பேசாமல் கொடுத்திருப்பார். ஆனால் அந்த ஹில்லுக்குள் ஒரு நாள்கூடக் காலெடுத்து வைத்திருக்க மாட்டார். கேட்டால், நம்ம குற்றாலம் மாதிரி வருமா, கொடைக்கானல் மாதிரி வருமா என்று ஆரம்பித்துவிடுவார்.

அவரோடு சண்டை போடத்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

என்ன இருக்கிறது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். ஆவணப்படி அதன் பெயர் சஞ்சய் காந்தி தேசியப் பூங்கா. ஏறக்குறைய 104 சதுர கிலோமீட்டர். மேற்கே போரிவலி, கோரேகாவ். கிழக்கே பாண்டுப், முலுண்ட். வடக்கே தானே. சுற்றிலும் கட்டடமாக நெருக்கியடிக்கிற ஒரு மாநகரத்தின் நடுவில் நிஜமான காடு. 2015-இல் கேமரா வைத்து எண்ணியபோது பூங்காவிலும் அதை ஒட்டிய பகுதிகளிலும் 35 சிறுத்தைகள். உள்ளே கான்ஹேரியில் நூற்றுக்கும் மேற்பட்ட பௌத்தக் குடைவரைகள், பழையவை இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தியவை. மும்பைக்குக் குடிநீர் தருகிற ஏழு ஏரிகளில் இரண்டு, விஹாரும் துளசியும், இந்தக் காட்டுக்குள்தான். அளவில் சின்னவை, ஆனால் இந்த ஊரில் முதன்முதலில் குழாயில் தண்ணீர் வந்தது விஹாரிலிருந்து, 1860 வாக்கில்.

தாராவியில் மூன்று தலைமுறையாக இருக்கும் நம்ம திருநெல்வேலிக்காரர்களுக்கு மித்தி என்றால் சாக்கடை. விஹார், போவாய் ஏரிகள் நிரம்பி வழிகிற தண்ணீர்தான் மித்தி ஆறாகக் கிளம்பி, தாராவி ஓரமாகப் போய் மாஹிமில் கடலில் சேர்கிறது. 2005 ஜூலை 26-ஆம் தேதி சாந்தாகுரூஸில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் கொட்டியதே, அன்றைக்குக் குர்லாவிலும் கலினாவிலும் வீட்டுக்குள் வந்தது அந்த ஆறுதான். குறுக்கிக் குறுக்கி ஓடையாக்கிவிட்ட ஆறு வேறு எங்கே போகும்? தலை காட்டில், வால் நம் வாசலில். இதற்கு மேலும் 'அங்க என்ன இருக்கு'ன்னு கேட்கலாமா?

கேட்பார்கள். ஏனென்றால் அவர்கள் கேட்பதன் அர்த்தம், 'புலி காட்டுவாங்களா?' என்பது. அதற்கும் பூங்காவில் வழி உண்டு. வேலி போட்ட இடத்தில் வளர்க்கிற புலியையும் சிங்கத்தையும் கம்பி வலை போட்ட பஸ்ஸில் போய்ப் பார்த்துவிட்டு வரலாம். நம்மாட்கள் போவதெல்லாம் அந்த பஸ்ஸுக்குத்தான். புலி தூங்கிக்கொண்டிருக்கும். "என்னங்க, எழுந்திரிக்கவே மாட்டேங்குது" என்று குறைப்பட்டுக்கொண்டு, வாசலில் வடாபாவ் தின்றுவிட்டு, ஸ்லோ லோக்கல் பிடித்து வீட்டுக்கு வந்துவிடுவார்கள். அதோடு நேஷனல் பார்க் 'பார்த்தாச்சு'.

நான் சொல்வது வேறு. வழிகாட்டியோடு நடக்கிற நடை. பெரிய ட்ரெக்கிங் எல்லாம் இல்லை, பயப்பட வேண்டாம். காலையில் ஆரம்பித்து இரண்டு, இரண்டரை மணி நேரத்தில் முடிந்துவிடும். பத்துப் பன்னிரண்டு பேர், கூட ஒரு வழிகாட்டி, மெதுவான நடை. பூங்காவின் இயற்கைத் தகவல் மையத்தில் விசாரித்துப் பதிவு செய்துகொள்ளலாம். கோரேகாவ் ஃபிலிம் சிட்டிப் பக்கம் பாம்பே நேச்சுரல் ஹிஸ்டரி சொசைட்டியின் மையத்திலும் நடத்துகிறார்கள். 1883-இல் தொடங்கிய சங்கம் அது, பறவை மனிதர் சாலிம் அலி வாழ்நாளெல்லாம் உழைத்த இடம். செலவு, நாலு பேர் மல்டிப்ளெக்ஸில் பாப்கார்ன் வாங்குகிற காசைத் தாண்டாது.

மழை விட்ட செப்டம்பர், அக்டோபரில் ஷிலோண்டா ஓடைப் பாதையில் போனீர்கள் என்றால் முதல் அரை மணி நேரத்தில் இருநூறு மீட்டர்கூட நகர மாட்டீர்கள். எங்களைக் கூட்டிப்போனவர் பூங்காவுக்குள்ளேயே இருக்கும் ஒரு வார்லி பாடாவில் பிறந்தவர். பாடா என்றால் ஆதிவாசிக் குடியிருப்பு. அவர் ஒரு செடியின் முன்னால் நின்றார். இலைகளை ஒட்டவைத்துப் பந்து மாதிரி ஒரு கூடு. நம்மூரில் மாமரம் ஏறிக் கடி வாங்கினவர்களுக்குத் தெரியும், முசுறு. கடி தெரியும், தையல் வேலை தெரியுமா? பெரிய எறும்புகள் வரிசையாக நின்று இரண்டு இலையின் ஓரங்களைச் சேர்த்து இழுத்துப் பிடிக்குமாம். வேறு சில எறும்புகள் தங்கள் புழுக்களை வாயில் கவ்விக்கொண்டு வந்து, அந்தப் புழு விடுகிற பட்டு நூலால் ஓரத்தைத் தைக்குமாம். நெசவாளியின் கையில் நாடா போகிற மாதிரி, குழந்தையையே நாடாவாக ஓட்டுகிறது. இதைப் பார்க்க எந்த நாட்டுக்கு விசா எடுக்க வேண்டும்?

அடுத்த திருப்பத்தில் இரண்டு மரத்துக்கு நடுவே ஒரு வலை, ஆள் உயரத்துக்கு. நடுவில் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு காட்டுச் சிலந்தி. அது பெண். ஆண் எங்கே என்று தேடச் சொன்னார். வலையின் மூலையில் அரிசி மணி போல ஒன்று ஒட்டிக்கொண்டிருந்தது. "அதுதான் புருஷன்" என்றார். கூட வந்த பெண்கள் சிரித்த சிரிப்பில் பறவையெல்லாம் பறந்தது வேறு விஷயம் :-) கொஞ்ச தூரத்தில் வல்லூறு கத்தியது. எல்லோரும் அண்ணாந்து பார்த்தோம். கத்தினது வல்லூறு இல்லையாம். துடுப்புவால் கரிச்சான், மிமிக்ரி செய்கிறது. மற்ற பறவைகளைப் பயமுறுத்தி விரட்டிவிட்டு இரையைத் தட்டிப் பறிக்கிற தந்திரமாம்.

இதெல்லாம் சிறுத்தை இல்லைதான். ஒத்துக்கொள்கிறேன்.

இப்போது குழந்தைகள் விஷயத்துக்கு வருகிறேன், ஏனென்றால் எனக்குக் கோபம் அதிகம் வருவது இங்கேதான். வெளிமாநிலத்தில் இருக்கும் தமிழ்க் குடும்பம் எதுவாக இருந்தாலும் ஒரு புலம்பல் உண்டு. "பயலுக்குத் தமிழே வரலை சார், எல்லாம் ஹிந்தியிலயும் இங்கிலீஷ்லயும்தான் பேசறான்." அதற்காக ஞாயிற்றுக்கிழமை சங்கக் கூடத்தில் தமிழ் வகுப்பு. ஃபேனுக்குக் கீழே உட்கார்ந்து 'இலவு காத்த கிளி' என்று வாக்கியத்தில் அமைத்து எழுதுகிறான். இலவு என்றால் என்ன என்று அவனுக்கும் தெரியாது, சொல்லிக்கொடுக்கிற மாமிக்கும் சந்தேகம்தான். அந்த இலவு மரம் வகுப்பிலிருந்து நாலு ஸ்டேஷன் தள்ளி நிற்கிறது! வழிகாட்டி 'காட்டேசாவர்' என்று மராத்தியில் சொல்கிற முள் மரம் அதுதான். பிப்ரவரி வாக்கில் இலையெல்லாம் உதிர்த்துச் சிவப்பாகப் பூக்கும். கோடையில் காய் வெடித்துப் பஞ்சாகப் பறக்கும். பழுக்கும் பழுக்கும் என்று காத்திருந்த கிளிக்குக் கிடைத்தது அந்தப் பஞ்சு. மரத்தடியில் நின்று சொன்னால் பழமொழி ஒரு நிமிஷத்தில் புரிந்துவிடும், இம்போசிஷன் எழுத வேண்டாம்.

'பளஸ்' என்று அவர் காட்டினால் அது புரசு. சென்னையில் பாட்டி வீடு இருக்கிற புரசைவாக்கத்துக்குப் பெயர் கொடுத்த மரம். 'பஹாவா' என்றால் சரக்கொன்றை. 'கரஞ்ச்' புங்கம். 'ஆவளா' நெல்லி. 'ஐன்' என்றால் கருமருது, முதலைத் தோல் மாதிரி பட்டை வெடித்திருக்கும். சாக், தேக்கு. மேற்குத் தொடர்ச்சி மலை நம் ஊரில் முடிகிறது, இந்தக் காடு அதே மலைக்கூட்டத்தின் ஓரம்தான். மரங்களில் பாதிக்கு மேல் நம் ஊரிலும் இருப்பவை. வழிகாட்டி மராத்திப் பெயரைச் சொல்ல, அப்பா தமிழ்ப் பெயரைச் சொல்ல, பையன் இங்கிலீஷில் தேடிப் பார்த்துச் சரி சொல்ல, மூன்று மொழியும் ஒரே மரத்தடியில் நடக்கும். ஆனால் அதற்கு அப்பாவுக்குப் பெயர் தெரிந்திருக்க வேண்டும். தெரியாவிட்டால் ஊரில் அப்பத்தாவுக்கு ஒரு போட்டோ அனுப்புங்கள். அப்பத்தாவும் பேரனும் பேசிக்கொள்ள 'சாப்பிட்டியா கண்ணு' தவிர வேறு விஷயம் கிடைக்கட்டும்.

பெரிய வயிற்றெரிச்சல் ஒன்று இருக்கிறது. கார்வி. இந்த மலைச் சரிவுகளில் ஆள் உயரத்துக்குப் புதராக வளர்கிற செடி. அதன் குச்சிகளை வரிசையாக நட்டு, மண்ணும் சாணியும் பூசித்தான் பாடா வீடுகளின் சுவரை எழுப்புவார்கள். இது குறிஞ்சி இனம். நம்ம நீலக்குறிஞ்சிக்கு ஒன்றுவிட்ட தங்கை என்று வைத்துக்கொள்ளுங்கள். அக்கா பன்னிரண்டு வருஷத்துக்கு ஒருமுறை பூப்பாள், தங்கை எட்டு வருஷத்துக்கு ஒருமுறை. மலைச்சரிவே ஊதாவாகும், பிறகு விதை விட்டுச் செத்துப்போகும்.

2018-இல் நீலக்குறிஞ்சி பூத்தபோது இங்கிருந்து எத்தனை குடும்பம் மூணாறுக்கு டிக்கெட் போட்டது என்று எனக்குத் தெரியும். (கேரள வெள்ளம் வந்து பாதிப் பேர் கேன்சல் செய்தது தனிக் கதை.) 'குறிஞ்சி நம் திணை, நம் பண்பாடு' என்று சங்க மலரில் கட்டுரையே வந்தது. நல்லது. 2024-இல், மழைக்காலக் கடைசியில், நம் பால்கனிக்கு எதிர்ச் சரிவில் கார்வி பூத்தது. ஒரு ஆட்டோ தூரம். எத்தனை பேர் போனோம்? நான் கேட்ட வரையில் எங்கள் சொசைட்டியின் பதினெட்டுத் தமிழ்க் குடும்பங்களில் இரண்டு. அதற்கு முன்னால் பூத்தது 2016-இல். அடுத்தது 2032-இல்தான். இப்போது ஏழாம் வகுப்பு படிக்கிற பிள்ளை அப்போது எந்த ஊர்க் கல்லூரியில் இருக்குமோ!

திணை என்று பேசுகிறோம். ஐந்து நிலத்தையும் மனப்பாடம் செய்து ஒப்பிக்கச் சொல்லி மேடையில் பரிசு கொடுக்கிறோம். பரிசு வாங்கின பிள்ளை குறிஞ்சிப் புதரை உரசிக்கொண்டு போனால்கூட அதற்குத் தெரியாது.

போகிறவர்கள் போகிற லட்சணத்தையும் சொல்ல வேண்டும். ஒரு தமிழ்ச் சங்கம் (பெயர் வேண்டாம், எல்லாச் சங்கமும் இப்படித்தான்) 'நேச்சர் வாக்' என்று அறிவித்து ஐம்பது பேரைக் கூட்டிப்போனது. நானும் போனேன். டிபன் கேரியரில் புளியோதரை, தயிர்சாதம், வடகம். தோளில் ப்ளூடூத் ஸ்பீக்கர். பாதை ஆரம்பிப்பதற்குள் அந்தாக்ஷரி ஆரம்பித்துவிட்டது. குரங்குக்கு பிஸ்கட் போட்டார்கள், குரங்கு பாக்கெட்டைப் பிடுங்கியதும் கல்லால் அடித்தார்கள். ஒரு மாமா வழிகாட்டியிடம் சீரியஸாகவே கேட்டார்: "தேந்துவா கித்னே பஜே ஆயேகா?" விரார் ஃபாஸ்ட் எத்தனை மணிக்கு என்று கேட்கிற மாதிரி. வழிகாட்டி பாவம், முதல் பத்து நிமிஷம் ஏதோ சொல்லிப் பார்த்தார், அப்புறம் பேசாமல் முன்னால் நடந்துவிட்டார். திரும்பி வந்ததும் தீர்ப்பு என்ன தெரியுமா? "ஒண்ணுமே பாக்கலை சார், வேஸ்ட்."

கல்யாண வீட்டு நாதஸ்வரத்துக்கு முன்னால் உட்கார்ந்து ஊர்வம்பு பேசிவிட்டு, 'ஒண்ணும் வாசிக்கலை' என்று சொல்வது போலத்தான்.

தப்பு எல்லாம் நம் பக்கம் மட்டும் என்று சொல்ல மாட்டேன். வழிகாட்டி நடை என்ற பெயரில் வியாபாரம் செய்கிற கம்பெனிகளும் வந்துவிட்டன. 'லெப்பர்ட் ட்ரெயில்' என்று போஸ்டர் போட்டு, நாற்பது பேரைச் சேர்த்து, மைக்கில் கத்திக்கொண்டு, ஒரு மணி நேரத்தில் ஓட்டிக் கொண்டுபோய் விட்டுவிடுகிறார்கள். கூட வருகிற பையனுக்கு ஆலமரத்துக்கும் அரசமரத்துக்கும் வித்தியாசம் தெரியவில்லை. அதனால் பதிவு செய்கிறபோதே கேளுங்கள், எத்தனை பேர், யார் கூட்டிப்போகிறார் என்று. பதினைந்துக்கு மேல் என்றால் விட்டுவிடுங்கள். உள்ளூர் பாடாவைச் சேர்ந்தவர் வருகிறார் என்றால் கண்ணை மூடிக்கொண்டு போங்கள். அவருக்கு லத்தீன் பெயர் தெரியாமல் இருக்கலாம். அந்தச் செடியைத் தின்றால் என்ன ஆகும் என்று தெரியும்.

சிறுத்தை விஷயத்துக்கும் இந்த நடைக்கும் நேர்த் தொடர்பு உண்டு. எங்கள் சொசைட்டி வாட்ஸ்அப் குழுவில் ஒவ்வொரு தடவை சிசிடிவியில் சிறுத்தை தெரிந்ததும் ஒரே கூச்சல். "ஃபாரஸ்ட்காரங்க என்ன பண்றாங்க? பிடிச்சுக் கொண்டுபோய் வேற காட்டுல விட வேண்டியதுதானே?" அதைத்தான் முன்பு செய்தார்கள். பிடித்த இடம் ஒன்று, விட்ட இடம் ஒன்று. 2004-இல் இந்தப் பூங்காவைச் சுற்றிப் பலர் சிறுத்தை தாக்கி இறந்தார்கள். புனே மாவட்டத்து ஜுன்னர் பகுதியில் வித்யா ஆத்ரேயா செய்த ஆராய்ச்சி, இப்படி இடம் மாற்றி விடுவதே தாக்குதலைக் கூட்டுகிறது என்று காட்டியது. பழகின இடத்தில் மனிதனை ஒதுங்கிப் போகிற மிருகம், தெரியாத இடத்தில் விட்டால் மிரண்டு திரியும். 2011-க்குப் பிறகு வனத்துறையும் ஆய்வாளர்களும் தன்னார்வலர்களும் சேர்ந்து ஊர் மக்களிடம் இதைத்தான் சொல்லி வருகிறார்கள். குப்பையைத் திறந்து போடாதே, குப்பைக்கு நாய் வரும், நாய்க்குச் சிறுத்தை வரும். இருட்டில் சின்னப் பிள்ளையைத் தனியாக வெளியே விடாதே. சிறுத்தையைப் பார்த்தால் கூட்டம் கூடி வழியை மறிக்காதே. இவ்வளவுதான். எங்கள் வழிகாட்டி ஒரு வாகோபா கல்லின் பக்கத்தில் நின்று இதையே சொன்னார். வாகோபா, பெரிய பூனைகளுக்கான வார்லிகளின் சாமி. சாமியாகக் கும்பிட்டுக்கொண்டே ராத்திரி கதவைச் சாத்திக்கொள்கிற புத்தி அவர்களுக்கு இருக்கிறது. பதினான்காவது மாடியில் இருந்துகொண்டு பயப்படுவது நாம்தான்.

கடைசியாக, யாரும் வாய்விட்டுச் சொல்லாத காரணம். "நாம பிழைக்க வந்தவங்க, நமக்கெதுக்கு வம்பு?" இந்த வாக்கியத்தைக் கேலி செய்ய எனக்கு மனசு வராது. 1960-களின் கடைசியில் இந்த ஊரில் தென்னிந்தியர்களுக்கு எதிராகக் கிளம்பிய கோஷமும், உடைபட்ட உடுப்பி ஹோட்டல்களும் மாட்டுங்கா, சயான் பெரியவர்களுக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது. தலையைக் குனிந்து வேலை பார், வீடு வாங்கு, பிள்ளையைப் படிக்க வை, ஊர் விஷயத்தில் தலையிடாதே என்று அவர்கள் கற்றுக்கொண்டதில் தப்பில்லை. ஆனால் அது நடந்து அரை நூற்றாண்டு தாண்டிவிட்டது. ரேஷன் கார்டு இங்கே, ஓட்டு இங்கே, லோன் இங்கே, சுடுகாடும் பெரும்பாலும் இங்கேதான். இன்னும் லாட்ஜில் ரூம் போட்டவன் மாதிரி இருந்தால் எப்படி?

2019 அக்டோபரில் ஆரே காலனியில் மெட்ரோ ஷெட்டுக்காக ராத்திரியோடு ராத்திரியாக வெட்ட ஆரம்பித்து, உச்ச நீதிமன்றம் நிறுத்துவதற்குள் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட மரங்களைச் சாய்த்துவிட்டார்கள். ஆரே, பூங்காவை ஒட்டிய பகுதி. அதைத் தடுக்கப் போய்க் கைதானவர்களில் மாணவர்கள் இருந்தார்கள், ஆதிவாசிகள் இருந்தார்கள். எங்கள் குழுவில் அன்றைக்கு வந்த மெசேஜ், நவராத்திரி கொலு போட்டி முடிவுகள். இப்போது பூங்காவுக்கு அடியில் சுரங்கச் சாலைகள். தானே-போரிவலிக்கு ஒன்று, கோரேகாவ்-முலுண்டுக்கு ஒன்று, இரண்டு வேலைக்கும் 2024 ஜூலையில் விழா நடந்தது. எனக்கும் முலுண்டிலிருந்து கோரேகாவ் போக ஒன்றரை மணி நேரம் ஆகிறது. எனக்கும் ரோடு வேண்டும். ஆனால் தோண்டின மண்ணை எங்கே கொட்டுவார்கள், சுரங்க வாய்க்காக எந்த மரம் போகும், ஓடைத் தண்ணீர் என்ன ஆகும், எந்தப் பாடாவைக் காலி செய்வார்கள் என்று கேட்க வேண்டாமா? அந்த ஓடையில் ஒரு தடவையாவது காலை நனைத்தவன்தான் கேட்பான். மற்றவனுக்கு அது மேப்பில் பச்சைக் கலர்.

நம் சங்கத்தின் இந்த வருஷப் பிக்னிக், லோனாவாலா ரிசார்ட்டாம். ரெய்ன் டான்ஸ் உண்டு, டிஜே உண்டு, மூன்று வேளைச் சாப்பாடு. போய்விட்டு வாருங்கள், யார் வேண்டாம் என்றது? செயலாளருக்கு ஒரு மெயில் மட்டும் போட்டிருக்கிறேன். ஐம்பது பேரில் பன்னிரண்டு பேரை எனக்குக் கொடுங்கள், திங்கட்கிழமை தவிர (அன்றைக்குப் பூங்கா லீவு) ஏதாவது ஒரு காலை இரண்டரை மணி நேரம், ஸ்பீக்கர் கிடையாது, புளியோதரை நடை முடிந்த பிறகு வாசலுக்கு வெளியே வைத்துக்கொள்ளலாம், மராத்தியிலிருந்து தமிழுக்கு நான் மொழிபெயர்க்கிறேன் என்று. மூன்று வாரம் ஆகிறது, பதில் இல்லை. நாலு பேர் மட்டும் தனியாகக் கூப்பிட்டு, "என்னிக்குப் போறோம்?" என்று கேட்டிருக்கிறார்கள். இன்னும் எட்டு இடம் காலி.